மாட்ரிட்டுக்குப் போய் பயேயா கற்ற வலென்சியாக்காரர்

பயேயா என்கிற இறைச்சிச் சோறு பிறந்த ஸ்பெயின் நகரமான வலென்சியாவில் ஞாயிற்றுக்கிழமை மதியம் ஆண்கள் இரண்டு வகையாகப் பிரிந்துவிடுவார்கள். பயேயா சமைக்கிற ஒருவர். அவரைச் சுற்றி நின்று அவர் செய்வது தப்பு என்று சொல்கிற மற்ற எல்லோரும். சீமோ பெர்ரான்டிஸ் இரண்டாவது வகை. அந்த வகையில் அவரை மிஞ்ச பெனிமாக்லெட் பேட்டையில் ஆள் கிடையாது.

இடது கையில் பியர், வலது கை இடுப்பில். அகலமான இரும்புச் சட்டிக்கு நாலு அடி தள்ளி, புகை வராத பக்கமாகப் பார்த்து நிற்பார். சமைப்பது எப்போதும் மச்சான் எலிசேயோ. மனைவி எல்வீராவின் அண்ணன்.

"தீ தூக்கல்" என்பார் சீமோ.

"தெரியும்" என்பார் எலிசேயோ.

"தக்காளி இன்னும் சுருளணும்."

"தெரியும்டா."

"சொன்னேன், அவ்வளவுதான். கேக்கறதும் கேக்காததும் உன் இஷ்டம்."

சாப்பாடு நன்றாக அமைந்தால் சீமோ சொன்னதைக் கேட்டதால். அமையாவிட்டால் கேட்காததால். இப்படி இரண்டு பக்கமும் வரவு வைக்கிற தொழில் உலகத்தில் வேறு இருக்கிறதா என்று தெரியவில்லை. வாரநாட்களில் அவர் செய்யும் தொழிலும் கிட்டத்தட்ட அப்படித்தான். ஜன்னல் திரைச்சீலைக் கடை. வாடிக்கையாளர் வீட்டுக்குப் போய், ஜன்னலைப் பார்த்து, "இந்த நீலம் கூடாது" என்று சொல்லிவிட்டு வருவார். தைப்பது வேறு ஆள்.

பயேயாவில் எதெல்லாம் கூடாது என்பது சீமோவுக்கு மனப்பாடம். வெங்காயம் கூடாது, சோறு குழைந்துவிடும். பட்டாணி கூடாது. கோழியும் முயலும் இருக்கிற சட்டியில் இறால் கூடாது. தொத்திறைச்சியைப் பற்றிப் பேசவே கூடாது. அரிசி விழுந்த பிறகு கரண்டி உள்ளே போகக் கூடாது. ராத்திரியில் சாப்பிடக் கூடாது. இத்தனை கூடாதுகள் தெரிந்த மனிதருக்குச் சமைக்கவும் தெரியும் என்று ஊர் நினைத்துக்கொண்டது. ஊரைக் குறை சொல்ல முடியாது. மகள் நூரியாவே அப்படித்தான் நினைத்திருந்தாள். உண்மை மனைவிக்கும் மச்சானுக்கும் மட்டுமே தெரியும். சீமோ வாழ்நாளில் ஒரு பயேயாகூடச் சமைத்ததில்லை.

வினை கல்யாணப் பேச்சில் வந்தது. நூரியா கட்டிக்கொள்ளப் போகிற பையன் சுவேகா ஊர்க்காரன். சுவேகா என்றால் நெல் வயல். பையனின் அப்பா பத்தீஸ்த் தலைமுறை தலைமுறையாக அரிசி விளைக்கிறவர். கனத்த ஆள், பேச்சு குறைவு. இரண்டு குடும்பமும் முதன்முதலாகச் சந்தித்தது கடற்கரை உணவகம் ஒன்றில். தட்டம் வந்ததும் சீமோ ஆரம்பித்துவிட்டார். அரிசி குழைவு. மொச்சை போன வருஷத்து மொச்சை. காந்தல் இல்லை; அடியில் அந்த மொறுமொறுப்பு இல்லாத பயேயா சட்டை போடாத மாப்பிள்ளை மாதிரி. மேஜையே கேட்டுக்கொண்டிருந்தது. பத்தீஸ்த் கடைசி வாய் வரை மென்று முடித்து, வாயைத் துடைத்துக்கொண்டார்.

"சீமோ ஐயா, இவ்வளவு விவரம் தெரிஞ்சவர் கையால ஒரு நாள் சாப்பிடணும். எங்க வயல் அரிசி கொண்டு வரேன்."

சீமோ பியர் டம்ளரைத் தேடினார். அது காலி.

"கட்டாயம் சாப்பிடணும் பத்தீஸ்த்!" என்று குதித்தார் எலிசேயோ. "வர்ற வாரம் ஞாயித்துக்கிழமை என் தோட்டத்துல வெச்சுக்கலாம். நான் அடுப்புப் பக்கமே வர மாட்டேன். சும்மா நின்னு கருத்து சொல்றேன். எத்தனை வருஷ ஆசை தெரியுமா எனக்கு!"

நூரியா அப்பாவின் கையைப் பிடித்து அழுத்தினாள். அவள் கண்ணில் அப்படி ஒரு பெருமை. அந்தப் பெருமைதான் சீமோவின் வாயை அடைத்துவிட்டது.

வீட்டுக்கு வந்ததும் எல்வீரா செருப்பைக்கூடக் கழற்றவில்லை.

"போன் பண்ணி சொல்லிடு, தெரியாதுன்னு."

"யாருக்கு? அரிசி விளைக்கிறவனுக்கா? பொண்ணோட அப்பன் வாயாடி, வெறும் ஆளுன்னு கல்யாணத்துக்கு முன்னாடியே தெரியணுமா? நாளைக்கு அந்த வீட்ல நூரியா எப்படி நிமிர்ந்து உக்காருவா?"

"அப்போ கத்துக்கோ. எலிசேயோகிட்ட கேளு."

"அவன்கிட்டயா? செத்துடுவேன்."

"இங்க தெருவுக்குத் தெரு வெளிநாட்டுக்காரங்களுக்குச் சொல்லித் தர்றாங்களே, அங்க போ."

"அங்க சொல்லித் தர்றவன் எவனாவது நம்ம கடை வாடிக்கையாளரோட ஒண்ணுவிட்ட தம்பியா இருப்பான்."

புதன்கிழமை காலை சீமோ மாட்ரிட் ரயிலில் இருந்தார். திரைத்துணிக் கண்காட்சி என்று கடையில் சொல்லியிருந்தார். எல்வீராவிடம் மட்டும் உண்மையைச் சொன்னார். அவள், "மாட்ரிட்டுக்கா? பயேயாவுக்கா?" என்றாள். பிறகு, யாரிடமும் சொல்ல மாட்டேன் என்று கேட்காமலே சத்தியம் செய்தாள். அவளுக்கும் மானம் இருக்கிறது.

வகுப்பு சந்தைக்குப் பின்னால் ஒரு மாடியில். சுற்றுலா வந்தவர்கள் காய்கறி நறுக்கி, கையைச் சுட்டுக்கொண்டு, தாங்களே சமைத்ததைத் தாங்களே சாப்பிட்டுப் போகிற இடம். நடத்துகிற மிலா உள்ளூர்க்காரி, நாற்பது வயது, நாக்கு மட்டும் இன்னும் பதினெட்டில் இருந்தது. பக்கத்து மேஜையில் ஹாலந்திலிருந்து வந்த ஹன்னெக்கே என்ற நெட்டை அம்மா, புருஷனோடு. கற்க வந்தவர்களில் ஸ்பெயின்காரர் என்று பார்த்தால் சீமோ ஒருவர்தான்.

"நீங்க எந்த ஊரு ஐயா?" என்றாள் மிலா, ஏப்ரனைக் கட்டிவிட்டுக்கொண்டே.

"உருகுவே."

"அட! பேச்சு அப்படித் தெரியலையே?"

"சின்ன வயசுலயே வந்துட்டேன்."

மிலா சட்டியில் எண்ணெய் விட்டாள். முதலில் வெங்காயம் போட்டாள். சீமோ மேஜை விளிம்பைப் பிடித்துக்கொண்டார். கோழி போட்டாள், சரி. அதே சட்டியில் இறால் போட்டாள். சீமோ ஜன்னல் பக்கம் திரும்பி, அங்கே தொங்கிய திரைச்சீலையின் தையலை ஆராய்ந்தார். பட்டாணி விழுகிற சத்தம் காதில் விழுந்தது. பல்லைக் கடித்துக்கொண்டார். மகளுக்காக ஒரு தகப்பன் எதைத்தான் தாங்க மாட்டான்?

அப்போதுதான் ஹன்னெக்கே கையைத் தூக்கினாள். "தொத்திறைச்சி போடலாமா?"

"உங்க வீடு, உங்க சட்டி. தாராளமா போடுங்க" என்றாள் மிலா.

"கூடாது!"

மேஜை அதிர்ந்தது. ஹன்னெக்கேயின் புருஷன் கத்தியைக் கீழே போட்டுவிட்டார்.

"ஏன், உருகுவேல தடையா?" என்றாள் மிலா.

"அது பயேயாவே இல்ல! சோறும் சாமானும்! சாமான் போட்ட சோறு!"

இந்த வசவை இந்தத் தொனியில் சொல்கிற ஊர் பூமியில் ஒன்றுதான் இருக்கிறது. மிலாவின் முகம் மெதுவாக மலர்ந்தது. கரண்டியைக் கழுவி, துடைத்து, இரண்டு கையாலும் சீமோவிடம் நீட்டினாள்.

"வாங்க வலென்சியா. நீங்களே செஞ்சு காட்டுங்க. நாங்க எல்லாரும் கத்துக்கறோம்."

புதுச் சட்டி வைத்தாள். தனி அடுப்பு. சீமோ கரண்டியைப் பிடித்துக்கொண்டு நின்றார். எண்ணெய் காய்ந்தது. கூடாதவை எல்லாம் வரிசையாக நினைவுக்கு வந்தன. வேண்டியது ஒன்றும் வரவில்லை. கழுவிய ஈரம் சொட்டச் சொட்டக் கோழித் துண்டுகளை அள்ளி எண்ணெயில் போட்டார். தீபாவளி மாதிரி வெடித்தது; எல்லோரும் பின்வாங்கினார்கள். தக்காளியைக் கொட்டினார். செம்மிளகாய்த் தூளைத் தூவினார். தூவிவிட்டு, ஆயுள் பழக்கம், நாலு அடி பின்னால் போய் இடுப்பில் கை வைத்துக்கொண்டு நின்று பார்த்தார். தூள் கருகியது. ஹன்னெக்கே இருமிக்கொண்டே ஜன்னலைத் திறந்தாள்.

"தண்ணி, தண்ணி! தூள் போட்ட உடனே தண்ணி விடணும்" என்றாள் மிலா. பிறகு குரலை இறக்கி, "ஐயா, உங்களுக்கு நிஜமாவே தெரியாதா?"

"தெரியாது."

சொல்லி முடித்ததும் சீமோவுக்கே ஆச்சரியமாக இருந்தது. கூரை இடிந்து விழவில்லை. கோழிதான் கொஞ்சம் கருகியிருந்தது.

மிலா சிரித்தாள். நாகரிகத்துக்குச் சிரிக்கிற சிரிப்பில்லை, மூக்கைச் சிந்துகிற சிரிப்பு. சிரித்து முடித்துவிட்டு விஷயத்தைக் கேட்டாள். மகள், சம்பந்தி, ஞாயிற்றுக்கிழமை எல்லாவற்றையும் சீமோ சொன்னார்.

"சரி. வகுப்பு முடிஞ்சு எல்லாரும் போனதும் இருங்க. உங்க ஊர் மாதிரியே, வெங்காயம் இல்லாம, முயலோட இன்னொண்ணு போடலாம். ஆனா ஒரு நிபந்தனை. கேள்வி கேக்கலாம், எத்தனை வேணா கேக்கலாம். கருத்து சொல்லக் கூடாது."

அந்த மத்தியானம் சீமோவுக்கு விநோதமான மத்தியானம். கருத்துக்குப் பூட்டுப் போட்டதும் உள்ளே அடைந்து கிடந்த கேள்விகள் எல்லாம் ஒன்றையொன்று தள்ளிக்கொண்டு வெளியே வந்தன. கோழி ஏன் முதலில் சட்டியைக் கவ்வுகிறது? ஏன் சிவந்ததும் தானாகவே விடுகிறது? தக்காளி எந்த நிமிஷத்தில் சிவப்பிலிருந்து செங்கல் நிறத்துக்குப் போகிறது? அரிசியை ஏன் கிளறக் கூடாது? 'கூடாது' என்று ஆயிரம் தடவை சொன்னவர், ஏன் என்று இப்போதுதான் கேட்டார். கிளறினால் மாவு கரைந்து கஞ்சியாகும் என்றாள் மிலா. "அடடா" என்றார் சீமோ. வருஷக்கணக்காக நாலு அடி தள்ளி நின்றவர் இப்போது சட்டிக்கு மேல் மூக்கை வைத்துக்கொண்டு நின்றார். மூக்குக் கண்ணாடி ஆவியில் வெளுத்துவிட்டது.

"காதைக் குடுங்க" என்றாள் மிலா கடைசியில். "தண்ணி இருக்கிற வரைக்கும் கொதிக்கிற சத்தம். தண்ணி தீர்ந்ததும் வறுபடுற சத்தம். அந்த ரெண்டாவது சத்தம்தான் உங்க காந்தல். கேட்டதும் கொஞ்சம் பொறுத்து இறக்குங்க."

கேட்டது. சட்டி தொண்டையை மாற்றிக்கொண்டது. சீமோ மிலாவின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"விறகு அடுப்புல எப்படி?" என்று வாசலில் நின்று கேட்டார்.

"அது எனக்குத் தெரியாது ஐயா. நான் கேஸ்காரி."

இந்த ஒரு பதிலைக் கொஞ்சம் யோசித்திருக்கலாம். ஆனால் ரயிலில் சீமோ தூங்கிவிட்டார், வயிறு நிறைந்திருந்தது.

ஞாயிற்றுக்கிழமை ஆல்போராயாவில் எலிசேயோவின் தோட்டத்தில் ஆரஞ்சு மரக் கட்டைகள் எரிந்தன. மச்சான், மாப்பிள்ளைப் பையன், பக்கத்துத் தோட்டக்காரர்கள் எல்லாரும் பியரோடு அரைவட்டம் கட்டி நின்றார்கள். எலிசேயோ முன்வரிசையில், பண்டிகைக்குப் போடுகிற சட்டையோடு.

"தீ தூக்கல்" என்றார் எலிசேயோ.

சீமோ பேசவில்லை.

"தக்காளி இன்னும் சுருளணும்."

சீமோ தூளைப் போட்டார், உடனே தண்ணீர் விட்டார். எலிசேயோவின் புருவம் உயர்ந்தது. அடுத்த கருத்து வாய்வரை வந்து நின்றுவிட்டது. பத்தீஸ்த் ஒன்றும் சொல்லாமல் பார்த்துக்கொண்டிருந்தார். மற்றவர்கள் பேசியதைவிட அவர் பேசாததுதான் சீமோவுக்கு வியர்வையைக் கொடுத்தது.

அரிசி விழுந்தது. கொஞ்ச நேரத்தில் கடல் பக்கமிருந்து காற்று கிளம்பி, தீயெல்லாம் ஒரு பக்கமாகச் சாய்ந்தது. சீமோ காதைக் கொடுத்துக் கேட்டார். இடது பக்கம் வறுபடுகிற சத்தம், வலது பக்கம் இன்னும் கொதிக்கிற சத்தம். ஒரே சட்டி இரண்டு பாஷை பேசியது. இதை மிலா சொல்லவில்லை. இறக்கினால் வலது பக்கம் வேகாது, விட்டால் இடது பக்கம் கரியாகும். யாரையாவது கேட்கலாம். சுற்றிலும் அத்தனை வாய்கள். ஆனால் அத்தனை பேர் முன்னால், பத்தீஸ்த் முன்னால் கேட்பதா? இறக்கிவிட்டார்.

சட்டியை அப்படியே மேஜை நடுவில் வைத்து, ஆளுக்கொரு மரக்கரண்டியோடு சுற்றி உட்கார்ந்தார்கள். அவரவர் முன்னால் இருக்கிற முக்கோணம் அவரவருடையது. அடுத்தவர் எல்லைக்குள் கரண்டியை நீட்டுவது வேலி தாண்டுவது மாதிரி. சீமோ அதற்குள் கணக்குப் போட்டிருந்தார். சட்டியைக் கொஞ்சம் திருப்பி, நன்றாக அமைந்த பக்கத்தைப் பத்தீஸ்த் முன்னால் வைத்தார். வேகாத பக்கத்துக்கு எதிரே தான் உட்கார்ந்துகொண்டார்.

பத்தீஸ்த் சாப்பிட்டார். அடியைச் சுரண்டினார். மொறுமொறுவென்று சத்தம் கேட்டது.

"காந்தல்" என்றார். அவர் வாயிலிருந்து அன்றைக்கு வந்த முதல் சொல். தலையை மேலும் கீழும் ஆட்டினார். சம்பந்தி அம்மா, "என் பையன் குடுத்து வெச்சவன்" என்றாள். எலிசேயோவின் முகம் தொங்கிவிட்டது.

சீமோ ஜெயித்துவிட்டார். வாயில் இருந்தது சரளைக் கல். மென்றுகொண்டே புன்னகை செய்தார்.

அப்போது பக்கத்தில் ஒரு சின்னச் சத்தம். நறுக். நூரியாவின் முக்கோணம் அப்பாவுடையதை ஒட்டி இருந்தது. அவள் ஒரு கணம் நிறுத்தி, அப்பாவைப் பார்த்தாள். மறுபடி ஒரு கரண்டி அள்ளினாள், மென்றாள், மாமியாரைப் பார்த்து, "எங்கப்பா சமைச்சா இப்படித்தான்!" என்று சிரித்தாள். நறுக், நறுக். அவள் நிமிர்ந்துதான் உட்கார்ந்திருந்தாள், வாய் நிறைய வேகாத அரிசியோடு.

சீமோ கரண்டியைக் கீழே வைத்தார்.

"பத்தீஸ்த், உங்க கரண்டியை இந்தப் பக்கம் நீட்டுங்க."

"அது உங்க இடமாச்சே."

"பரவாயில்ல, நீட்டுங்க."

பத்தீஸ்த் தயங்கி, வேலி தாண்டி ஒரு கரண்டி எடுத்தார். மென்றார். மேஜை முழுக்க அந்தச் சத்தம் கேட்டது.

"வேகல" என்றார்.

"வேகல. ஏன்னு எனக்குத் தெரியல. நான் சமைச்சதே இது ரெண்டாவது தடவை."

எலிசேயோவுக்குப் புரையேறியது. நூரியா, "அப்பா?" என்றாள். மாப்பிள்ளைப் பையன் சிரிக்கலாமா என்று தன் அப்பாவின் முகத்தைப் பார்த்தான்.

பத்தீஸ்த் கொஞ்சம் யோசித்தார். "ரெண்டாவதுன்னா பரவாயில்லையே. முதல் தடவை எங்க?"

"மாட்ரிட்ல. ஒரு வகுப்புல."

கரண்டிகள் நின்றன. சமைக்கத் தெரியாததை மன்னிக்க எல்லோரும் ஏறக்குறைய தயாராகத்தான் இருந்தார்கள். இது வேறு. சம்பந்தி அம்மா சிலுவை போட்டுக்கொண்டாள். எல்வீரா மேஜை விரிப்பைப் பார்த்தாள். "மாட்ரிட்டா!" என்றார் எலிசேயோ, அடிபட்ட குரலில். "இந்தா நான் இருக்கேன், பத்து அடி தள்ளி. என்கிட்ட கேட்டிருந்தா..."

"கேட்டிருந்தா நீ சொல்லியிருப்ப. சொல்லிட்டு, சாகற வரைக்கும் சொல்லிக் காட்டியிருப்ப."

எலிசேயோ அதை மறுக்கவில்லை.

பத்தீஸ்த் எழுந்தார். கனத்த உடம்பு, நாற்காலி முனகியது. போகிறாரோ என்று நூரியா பாதி எழுந்துவிட்டாள். அவர் சட்டியின் ஒரு கைப்பிடியைப் பிடித்தார்.

"அந்தப் பக்கத்தைப் பிடிங்க சம்பந்தி. அடுப்புல தணல் இருக்கு."

சம்பந்தி என்று அவர் அழைத்தது அதுதான் முதல் தடவை. மற்றவர்கள் கரண்டியைத் தூக்கிக்கொண்டு கத்த, இரண்டு பேரும் சட்டியைத் தூக்கிக்கொண்டு போனார்கள். வேகாத பக்கம் தணல் மேல், வெந்த பக்கம் கல் மேல். அடுப்புக்கு முன்னால் குந்தினார்கள்.

"தண்ணி தெளிக்காதே!" என்று மேஜையிலிருந்து ஒரு குரல்.

"தெளிக்காம எப்படி வேகும்? தெளி!" என்று இன்னொன்று.

"காத்துக்கு மறைப்பா நிக்க வேண்டாமா, மடையா!" இது எலிசேயோ. அவருக்கு உயிர் திரும்பிவிட்டது.

"எவ்வளவு தெளிக்கணும்?" என்று கேட்டார் சீமோ.

"கையால அள்ளித் தெளிங்க. சத்தம் சொல்லும்." பத்தீஸ்த் சட்டிப் பக்கம் காதைச் சாய்த்தார். சீமோவும் சாய்த்தார். இரண்டு வழுக்கைத் தலைகளும் கிட்டத்தட்ட முட்டிக்கொண்டன. பத்தீஸ்த் தோளுக்குப் பின்னால் ஒரு தடவை பார்த்துவிட்டுக் குரலை இறக்கினார்.

"அங்க பட்டாணி போடுவாங்களாமே?"

"போட்டாங்க. இறாலும்."

"சாப்பிட்டீங்களா?"

சீமோவும் பின்னால் பார்த்தார். எலிசேயோ காற்றின் திசையைப் பற்றி யாருக்கோ விளக்கிக்கொண்டிருந்தார்.

"ரெண்டு தட்டு."

"எப்படி?"

"நல்லாத்தான் இருந்துச்சு."

பத்தீஸ்த் ஒரு குச்சியை எடுத்துத் தணலைச் சட்டிக்கு அடியில் மெதுவாகத் தள்ளினார்.

"எந்த மாதிரி நல்லா?" என்று கேட்டார்.